வேலியோரத்துக் குன்றிமணி

நகைக் கடையில் பேரம் நடக்கும்போது, ஒரு குன்றிமணி எடைகூடக் குறையாது என்று கடைக்காரர் உறுதி சொல்வதும், குன்றிமணித் தங்கம்கூட இல்லாத வீடு என்று ஊரார் ஏழ்மையைக் குறிப்பதும் நம் நாட்டில் நெடுநாளைய வழக்கு. கிராமையும் மில்லிகிராமையும் காட்டும் மின்சாரத் தராசுகள் வந்து பல்லாண்டுகள் சென்ற பின்னரும் அந்தச் சொல் நம் நாவை விட்டு நீங்கவில்லை. ஆனால் அச்சொல்லுக்கு உரிய கொடியை நகரத்துக் குழந்தைகளுள் எத்தனை பேர் கண்டிருப்பார்கள்? விநாயக சதுர்த்தியன்று களிமண் பிள்ளையாரின் கண்ணாக அதன் விதையைப் பார்க்கிறார்கள். பிறகு பிள்ளையாரோடு அதுவும் நீரில் கரைந்துவிட்டது என்று எண்ணிக்கொள்கிறார்கள். அது கரைவதில்லை. ஏன் கரைவதில்லை என்பதே ஈண்டு நாம் சொல்லப் புகுந்த விஷயம்.

குன்றி, அவரைக் குடும்பத்தைச் சேர்ந்த கொடி. அவரை, துவரை, சங்குபுஷ்பம், புங்க மரம் எல்லாம் அதற்கு உறவினர். பாகற்கொடிபோலப் பற்றுக்கம்பிகளை நீட்டிப் பிடித்துக்கொள்ளும் சாமர்த்தியம் இதற்குக் கிடையாது. மெல்லிய தண்டையே முறுக்கி முறுக்கி அண்டையிலுள்ள செடியின்மீது ஏறிவிடும். இலை, புளிய இலையைப் போன்றது. காம்பின் இருபுறமும் சிறு சிறு இலைகள் இணை இணையாக அடுக்கி நிற்கும். அவ்விலையை மென்றால் இனிக்கும். இராப்பொழுதில் அச்சிற்றிலைகள் கூம்பித் தாழ்ந்துவிடும். இந்த அசைவைக் கண்டு மயங்கிய நோவாக் என்னும் ஆஸ்திரியர் ஒருவர், மழையையும் புயலையும் பூகம்பத்தையுங்கூட இக்கொடி முன்கூட்டியே அறிவிக்கிறதென்று சென்ற நூற்றாண்டுக்கும் முந்திய நூற்றாண்டின் இறுதியில் ஐரோப்பாவெங்கும் பறையறைந்தார். லண்டனையடுத்த கியூ தோட்டத்தில் அதைப் பரீட்சித்துப் பார்த்தார்கள். வெளிச்சமும் ஈரமும் மாறுவதற்கேற்ப இலை அசைகிறதேயன்றி வேறொரு தீர்க்கதரிசனமும் அதற்கில்லை என்று தெரியவந்தது. ஜோதிடம் பார்ப்பதில் நமக்கு மட்டுந்தான் ஆசை என்று இனி யாரும் சொல்ல வேண்டியதில்லை!

பூ, வெளிறிய ஊதா நிறம். சில இடங்களில் இளஞ்சிவப்பு. கொத்தாகப் பூக்கும். அவரை இனத்துப் பூக்களில் பத்துக் கேசரங்கள் இருப்பது பெரும்பான்மை வழக்கு. குன்றிப் பூவில் ஒன்பதே உண்டு. குறிஞ்சிப்பாட்டில் கபிலர் அடுக்கிச் சொல்லும் மலர்களுள் குறுநறுங்கண்ணி என்பது இந்தக் குன்றிப்பூவே என்று கொள்வர். ஆயினும் பூவைத் தேடி இக்கொடியிடம் போனவர்கள் சிலரே. அதன் புகழெல்லாம் நெற்று வெடித்த பிறகு. ஓர் அங்குலத்துக்குச் சற்று மிகுந்த நீளமுள்ள அந்நெற்று காய்ந்து இரண்டாகப் பிளந்து பின்புறமாகச் சுருளும். உள்ளேயிருக்கும் நான்கைந்து விதைகள் உதிராமல் அதன் ஓரத்திலேயே ஒட்டிக்கொண்டு, பவளத்தில் மையிட்டாற்போல் வெயிலில் மின்னும். சதைப்பற்றுள்ள பழமென்று ஏமாந்து பறவைகள் விழுங்குகின்றன. அவற்றுக்குக் கிடைப்பது ஒன்றுமில்லை. விதைக்குக் கிடைப்பதோ இலவசப் பிரயாணம்.

சிவந்த மேனியும் கரிய மூக்கும் கொண்ட இந்த விதையைத் திருவள்ளுவர் இரண்டு இடங்களில் எடுத்தாள்கிறார். கூடாவொழுக்கம் என்னும் அதிகாரத்தில் வெளியே செம்மையும் உள்ளே கருமையும் உடைய போலித் துறவிக்கு அது உவமை. மானம் என்னும் அதிகாரத்திலோ, மலைபோல் உயர்ந்தவரையும் தாழ்த்திவிடக்கூடிய மிகச் சிறிய குற்றத்துக்கு அது அளவு. நிறம் ஓரிடத்தில், அளவு ஓரிடத்தில். அளவு என்றதும் நாம் பொற்கொல்லரின் தராசுக்கு வந்துவிடுகிறோம்.

இரண்டு குன்றி ஒரு மஞ்சாடி. இருபது மஞ்சாடி ஒரு கழஞ்சு. சோழர் காலத்துக் கல்வெட்டுகளில் பொன் நிறுத்த கணக்கு இதுவே. தஞ்சைப் பெருவுடையார் கோயிலில் முதலாம் இராஜராஜன் இறைவனுக்கு அளித்த பொற்கலங்களும் அணிகளும் கழஞ்சு, மஞ்சாடி, குன்றி என்று அரைக்கால் பிசகாமல் கல்லில் வெட்டப்பட்டிருக்கின்றன. பொன்னை நிறுத்த எடைக்கல்லுக்கு ஆடவல்லான் என்று தில்லைக் கூத்தனின் திருநாமத்தையே சூட்டியிருந்தார்கள். பேரரசன் கொடுத்த பொன்னாயினும், கணக்கு வேலியோரத்து விதையில் வந்து முடிந்தது என்பதை எண்ணிப் பார்க்கையில் நமக்கு உண்மையிலேயே மகிழ்ச்சி உண்டாகிறது. வட நாட்டில் இதே விதைக்கு ரத்தி என்று பெயர். பழைய முத்திரை நாணயங்களில் வெள்ளிக் கார்ஷாபணம் 32 ரத்தி. பிற்காலத்துத் தோலா 96 ரத்தி. இன்றைய அளவில் ஒரு ரத்தி ஏறக்குறைய 0.12 கிராம். எனவே எட்டுக் கிராம் கொண்ட ஒரு பவுன், ஏறத்தாழ 66 குன்றிமணி. பண்டிகைக்கு நகை வாங்கும் கிருகிணிகள் இக்கணக்கை மனத்தில் வைத்துக்கொள்ளலாம், பயன்படாவிட்டாலும் பாதகமில்லை.

மஞ்சாடி என்பதும் வெறும் கற்பனை அளவன்று. ஆனைக்குன்றிமணி என்று சிலர் சொல்லும் மஞ்சாடி மரத்தின் விதை அது. அம்மரமும் அவரைக் குடும்பமே. அதன் விதை முழுச் சிவப்பு. குன்றிக்குள்ள கரும்புள்ளி அதற்கில்லை. நான்கு மஞ்சாடி விதைகளை எடுத்து நிறுத்தால் ஒரு கிராமை ஒட்டி நிற்கும். இரண்டு குன்றிக்கு ஒரு மஞ்சாடி என்ற வாய்பாட்டை யாரோ ஓர் அரண்மனைக் கணக்கர் உட்கார்ந்து வகுக்கவில்லை. இரு செடிகளும் தாமே வகுத்துத் தந்தவை. மேனாட்டார் வைரம் நிறுக்கும் காரட் என்ற அளவும் மத்தியதரைக் கடற்கரையில் வளரும் கரோப் என்னும் மரத்தின் விதையிலிருந்து பிறந்தது. அந்த மரமும் இதே குடும்பம்! உலகத்துத் தங்கமும் வைரமும் அவரைக்காய்க்குக் கடன்பட்டிருக்கின்றன என்றால் மிகையாகாது.

எல்லாக் குன்றிமணியும் ஒரே எடை என்று சிலர் பெருமையாகச் சொல்வதுண்டு. அது சரியன்று. ஒரே கொடியின் விதைகளிலும் பருத்தவையும் சிறுத்தவையும் இருக்கத்தான் செய்யும். கரோப் விதைகளைப் பற்றி 2006-ஆம் ஆண்டில் ஐரோப்பிய ஆராய்ச்சியாளர் சிலர் ஒரு பரீட்சை செய்தனர். அவ்விதைகள் மற்ற மரவிதைகளைக் காட்டிலும் ஒரு சீரானவை அல்ல என்றும், ஆனால் மனிதர் கண்ணால் பார்த்து ஒத்தவற்றைப் பொறுக்கும்போது வேற்றுமை வெகுவாகக் குறைந்துவிடுகிறது என்றும் கண்டார்கள். குன்றிக்கும் இது பொருந்தும் என்பது நம் எண்ணம். தட்டாரின் பெட்டியிலிருந்த விதைகள் கொடியிலிருந்து கைக்கு வந்தபடியே இருந்தவை அல்ல. பழகிய கண்ணும் விரலும் பொறுக்கி வைத்தவை. விதையின் பெருமையில் பாதி அந்தக் கைக்கு உரியது.

மற்றப் பாதி எதற்கு உரியது? அதன் ஓட்டிற்கு. நெல்லும் உளுந்தும் மழைக்காலத்தில் ஈரத்தை உறிஞ்சிக் கனக்கும். கோடையில் உலர்ந்து இலேசாகும். புழு துளைக்கும், பூஞ்சணம் பிடிக்கும். குன்றியின் மேலோடோ நெருக்கமாக அடுக்கிய அணுக்களால் ஆகிய கவசம். நீர் எளிதில் புகாது. ஐப்பசியில் நிறுத்த விதையைச் சித்திரையில் நிறுத்தாலும் எடை மாறாது. அதனால்தான் அது நிறைகல் ஆயிற்று. அதனால்தான் பிள்ளையாரின் கண் குளத்தில் கரையவில்லை. அதே காரணத்தால்தான் குன்றி விதையை அப்படியே மண்ணில் இட்டால் மாதக்கணக்கில் முளைக்காமல் கிடக்கிறது.

அந்த ஓட்டிற்குள் இருப்பதைப் பற்றி இனிச் சொல்ல வேண்டும். இதைக் குழந்தைகள் உள்ள வீட்டார் சற்று நின்று படிக்குமாறு வேண்டிக்கொள்கிறோம்.

குன்றியின் பருப்பில் ஆப்ரின் என்னும் ஒரு புரதம் இருக்கிறது. ஆமணக்கு விதையிலுள்ள ரிசின் என்னும் நஞ்சுக்கு அது தமக்கை முறை. கொடுமையில் அதனினும் மிஞ்சியது. அதன் மூலக்கூறு இரண்டு பகுதிகள் கொண்டது. ஒரு பகுதி உடலின் உயிரணுவைப் பற்றிக்கொண்டு வாசல் திறக்கிறது. மற்றொரு பகுதி உள்ளே நுழைந்து, புரதம் உற்பத்தியாகும் இயந்திரங்களை ஒவ்வொன்றாக முடக்கிக்கொண்டு போகிறது. புரதம் இல்லையேல் அணு வாழாது. ஒன்றிரண்டு விதைகளை மென்று தின்று உயிரிழந்தவர்கள் உண்டு. ஆனால் வாய் தவறி முழு விதையை விழுங்கிய குழந்தைகள் பலர் யாதொரு தீங்குமின்றிப் பிழைத்திருக்கிறார்கள். ஓடு உடையாமலே விதை வயிற்றைக் கடந்து வெளியேறிவிடுவதே காரணம். பறவைக்கு ஒன்றும் ஆகாததற்கும் அதுவே காரணம். உயிருக்கும் நஞ்சுக்கும் நடுவில் ஒரு நகக்கனமும் இல்லாத அந்த ஓடுதான் நிற்கிறது.

இந்த உண்மையைத் தீயவர்கள் வெகு காலத்துக்கு முன்பே அறிந்திருந்தார்கள். வட இந்தியாவில் பிறர் மாட்டைத் தோலுக்காக இரகசியமாகக் கொல்வதற்கு இவ்விதையின் விஷம் தோய்ந்த முள்ளைப் பயன்படுத்தினார்கள். அம்முறைக்கு ஊசி என்று பொருள்படும் சூயி என்றே பெயர். பாம்பு கடித்ததென்று சொந்தக்காரன் நினைத்துக்கொள்வான். இத்தகைய வழக்குகள் பெருகியதால் கல்கத்தாவில் அரசாங்க இரஸாயனப் பரீட்சகராயிருந்த வார்டன் என்பவரும் வாடெல் என்பவரும் இதை ஆராய முற்பட்டனர். அதே சமயத்தில் ஐரோப்பாவிலும் குன்றி பெயர்பெற்று விளங்கியது; ஆனால் ஜெக்விரிடி என்ற பிரேசில் நாட்டுப் பெயரோடு! 1882-ல் பாரிஸ் நகரத்துக் கண் வைத்தியர் தெ வெக்கர், பிரேசில் மக்களின் வழக்கத்தைப் பின்பற்றி, நாட்பட்ட கண்ணோய்க்கு இவ்விதை ஊறிய நீரை இட்டார். கண் பயங்கரமாக வீங்கியது; சிலருக்கு நோய் தணிந்தது; சிலருக்குக் கண்ணே போயிற்று. வீக்கத்துக்குக் காரணம் அந்நீரில் வளரும் ஒரு கிருமி என்று ஜெர்மானிய வைத்தியர் ஒருவர் சாதித்தார். கிருமியன்று, விதையிலேயே உள்ள நஞ்சுதான் காரணம் என்று 1884-ல் கல்கத்தாவில் வெளியான வார்டன், வாடெல் இருவரின் நூல் நிலைநாட்டியது. இந்த மண்ணில், இந்த மண்ணின் கொடியை வைத்துத் தீர்த்த வழக்கு இது. ஆயினும் அதைத் தீர்த்தவர்களின் பட்டியலில் ஓர் இந்தியப் பெயர் இல்லை என்பது நம்மை உறுத்தாமல் இல்லை. ஆயிரம் ஆண்டு அவ்விதையால் பொன் நிறுத்த நாம், உடைத்துப் பார்க்கும் வேலையைப் பிறருக்கு விட்டுவிட்டோம்.

1891-ல் பெர்லின் நகரத்தில் பால் எர்லிக் என்னும் மேதை இதே ஆப்ரினை எலிகளுக்கு மிகச் சிறிய அளவில் தொடங்கிச் சிறுகச் சிறுகக் கூட்டிக் கொடுத்துவந்தார். முதல் நாள் கொடுத்திருந்தால் எலியைக் கொன்றிருக்கக்கூடிய அளவைக் காட்டிலும் பன்மடங்கு பின்னர் கொடுத்தும் அவை சாகவில்லை. அவற்றின் இரத்தத்தில் நஞ்சை முறிக்கும் ஒரு பொருள் உண்டாகியிருந்தது. அதிலும் ஒரு நுட்பம்: ஆப்ரினுக்குப் பழகிய எலி ஆமணக்கு நஞ்சில் மாண்டது, ஆமணக்குக்குப் பழகியது ஆப்ரினில் மாண்டது. ஒவ்வொரு பூட்டுக்கும் தனிச் சாவி. தாய் எலி தன் பாலின் வழியே குட்டிக்கு இந்தக் காப்பைத் தருகிறது என்பதையும் அவர் அடுத்த ஆண்டு கண்டார். தடுப்பூசி சாஸ்திரத்தின் அஸ்திவாரக் கற்களுள் இவை அடங்கும். 1908-ல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. நம் குழந்தைக்கு இன்று போடப்படும் ஊசிகளின் பின்னணியில் குன்றிமணிக்கும் ஒரு குன்றிமணி பங்கு உண்டு.

இத்தனை தெரிந்த பின்னரும் உலகம் ஏமாறுகிறது. 2011-ஆம் வருஷக் கடைசியில் இங்கிலாந்தில் பெயர்பெற்ற ஒரு தோட்டக் காட்சிசாலையின் கடையில், பெரு நாட்டிலிருந்து தருவித்த குன்றிமணிக் காப்புகளை அழகுப் பொருளாக விற்றிருந்தார்கள். விஷயம் தெரிந்து சுமார் 2,800 காப்புகளைத் திரும்பக் கேட்க நேர்ந்தது. கோப்பதற்காகத் துளையிட்டவுடன் கவசம் போய்விடுகிறது என்பதை யாரும் நினைக்கவில்லை. நம் ஊர்த் திருவிழாக் கடைகளிலும் குன்றிமணி மாலை கண்ணில் படாமலில்லை. துளையிட்ட குன்றிமணி விளையாட்டுப் பொருள் அன்று. வாயில் வைத்துச் சப்பும் வயதுக் குழந்தை உள்ள வீட்டில் அது இருக்கவே கூடாது. பல்லாங்குழிக்கும் அத்தகைய வீடுகளில் சோழியே போதும்.

குழந்தை விதையை மென்றுவிட்டது என்ற சந்தேகம் உண்டானால், வாந்தியோ பேதியோ வருகிறதா என்று காத்திருக்கலாகாது. இந்நஞ்சு உடனே முகம் காட்டுவதில்லை. பல மணி நேரம், சில சமயம் ஒன்றிரண்டு நாள் கழித்தே அறிகுறிகள் தோன்றும். அதற்கு மாற்று மருந்து என்று தனியாக ஒன்றும் கிடையாது. ஆகையால் காலத்தே ஆஸ்பத்திரிக்குப் போவதே மருந்து. மீதமுள்ள விதையையோ மாலையையோ கையோடு எடுத்துச் சென்றால் டாக்டருக்கு உதவியாயிருக்கும். வெள்ளைக் குன்றி என்று ஒரு வகை அபூர்வமாகக் கிடைக்கும். அரியது ஆகையால் அதற்கு மந்திர சக்தி உண்டென்றும், சிவப்பைப்போல அது விஷமில்லையென்றும் சொல்லி அதிக விலைக்கு விற்பாருண்டு. அதிலும் நஞ்சு இருக்கிறது. நமது சித்த வைத்தியரும் ஆயுர்வேத வைத்தியரும் குன்றி விதையைச் சுத்தி செய்யாமல் தொடுவதில்லை. மருந்துகளைப் பற்றிய மத்திய விதிகளில் நச்சுச் சரக்குகளைத் தொகுத்துக் கூறும் இ-1 அட்டவணையிலும் அதற்கு இடமுண்டு. வீட்டு வைத்தியமாக இதைக் கையாள எவருக்கும் நாம் யோசனை கூறமாட்டோம்.

அப்படியானால் இந்தக் கொடியை வெட்டி எறிந்துவிட வேண்டியதுதானே என்று யாரேனும் கேட்கலாம். வெட்டாமலே அது நம் தெருக்களிலிருந்து போய்க்கொண்டிருக்கிறது. கிளுவை வேலியும் கள்ளி வேலியும் இருந்த இடங்களில் கம்பியும் மதிற்சுவரும் எழுந்துவிட்டன. ஏறிக்கொள்ளச் செடியில்லாத கொடி எங்கே போகும்? மலையடிவாரங்களிலும் புதர்க்காடுகளிலும் இன்றும் தாராளமாக இருக்கிறது. ஆனால் குழந்தை பள்ளிக்குப் போகும் வழியில் இல்லை. அமெரிக்காவைச் சேர்ந்த பிளாரிடாவிலோ இதற்கு நேர்மாறான கதை. அங்கே அழகுக்காகக் கொண்டுபோய் வைத்த குன்றி காட்டில் பரவி, மற்றச் செடிகளை மூடி, ஒழிக்கவொண்ணாத களையாகிவிட்டது. கொடியைப் பிடுங்கினாலும் மண்ணில் கிடக்கும் விதைகள் ஓட்டின் பலத்தால் ஆண்டுக்கணக்கில் காத்திருந்து முளைக்கின்றன. பிறந்த ஊரில் இடமின்றியும் போன ஊரில் பகையாகியும் அது நிற்கிறது.

நம் நாட்டிலோ அது வந்தேறி அன்று. பெரிய தோட்டமுள்ள பள்ளிக்கூடங்களும், உயிர்வேலி இன்னும் வைத்திருக்கும் கிராமத்து வீடுகளும், சிறு குழந்தைகளின் கைக்கு எட்டாத மூலையில் ஒரு கொடியை வளர்க்கலாம். முற்றிய விதையைக் கொதித்து இறக்கிய நீரில் போட்டு ஓரிரவு ஊறவிட்டால் ஓடு இளகி முளைக்கும். அந்த நீரைப் பத்திரமான இடத்தில் கொட்டிவிட வேண்டும். வெயில் வேண்டும், ஏற ஒரு புதர் வேண்டும், நீர் தேங்கலாகாது. வேறு உபசாரம் ஒன்றும் அது கேட்பதில்லை. மழை ஓய்ந்து பனி தொடங்கும் பருவத்தில் நெற்றுகள் வெடிக்கும். அவ்வேளையில் விதைகளை அப்படியே கொடியில் விட்டுவிட்டுப் பிள்ளைகளை அழைத்துக் காட்டலாம். தராசு வைத்திருக்கும் பள்ளி ஆசிரியர்கள், ஓடு பழுதில்லாத விதைகளாகப் பார்த்து எட்டைத் தாமே எண்ணித் தட்டில் வைத்து, எதிர்த்தட்டில் ஒரு கிராம் கல்லை இட்டு, முள் எங்கே நிற்கிறதென்று மாணாக்கரைப் பார்க்கச் சொல்லலாம். பிறகு விதைகளை எண்ணித் திரும்ப வாங்கிக்கொள்ள மறக்க வேண்டாம்.